ஸ்கோர் புத்தகத்துக்கு வெளியே ஆடியவர்கள்

2024 மே 29. அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பால் அமைப்பு தன் சாதனைப் பட்டியலைத் திருத்தி வெளியிட்டது. ஏறக்குறைய ஒரு நூற்றாண்டாக டை காப் வைத்திருந்த முதலிடத்துக்கு ஜாஷ் கிப்சன் வந்தார். வாழ்நாள் பேட்டிங் சராசரியில் காப் .367, கிப்சன் .372. ஒரே சீசனில் மிக அதிக சராசரி என்ற சாதனையும் கிப்சனுக்கே போனது. 1943-ல் அவர் அடித்தது .466. அடியின் வலுவை அளக்கும் 'ஸ்லக்கிங்' கணக்கில் பேப் ரூத்தின் .690-ஐத் தாண்டி .718 நின்றது. ஒரே காலைப் பொழுதில் பேஸ்பாலின் இரண்டு பெருந்தெய்வங்கள் இரண்டாம் படிக்கு இறங்கினார்கள்.

கிப்சன் அப்போது உயிரோடு இல்லை. 1947 ஜனவரியில், தன் 35-வது வயதில் அவர் இறந்துவிட்டார். மேஜர் லீகில் ஒரு பந்தைக்கூட அவர் சந்தித்ததில்லை. சந்திக்க விடவில்லை. அவர் கறுப்பர் என்பதைத் தவிர வேறு காரணம் கிடையாது.

கிரிக்கெட்டோடு வளர்ந்த நமக்கு .372 என்ற எண்ணின் கனம் சட்டென்று பிடிபடாது. பேஸ்பாலில் பந்து தரையில் குத்தி எழும்பாது. 60 அடி 6 அங்குலத் தொலைவிலிருந்து பிட்சர் எறியும் பந்து நேராக வருவதுபோல் வந்து கடைசி நேரத்தில் வளையும், இறங்கும், தாமதிக்கும். மட்டையோ உருளை. அடித்த பந்து எதிரே விரியும் 90 டிகிரிக்குள் விழுந்தால்தான் கணக்கு. மூன்று ஸ்டிரைக் ஆனால் ஆட்டக்காரர் அவுட். பத்து முறை மட்டை பிடித்து மூன்று முறை சரியாக அடித்துவிட்டால் அவர் நட்சத்திரம்; அதைத்தான் .300 என்று எழுதுகிறார்கள். பிராட்மேனின் 99.94-ஐ நாம் தூக்கத்திலும் சொல்வதுபோல, காப் எவ்வளவு அடித்தார், ரூத் எத்தனை ஹோம் ரன் என்பதை அமெரிக்கச் சிறுவர்கள் தலைமுறை தலைமுறையாக ஒப்பித்து வந்திருக்கிறார்கள். அந்த ஒப்பிப்பில் கிப்சன் பெயர் இருந்ததே இல்லை.

பேஸ்பால் வீரர்களின் சாதனைகளைப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் எண்களிலிருந்து தொடங்குவார்கள். ஆனால், இந்த ஆட்டத்தின் மிகப்பெரிய வீரர்கள் சிலருக்கு எண்ணே இல்லாமல் இருந்தது. மட்டை இருந்தது, பந்து இருந்தது, பார்க்கக் கூட்டம் இருந்தது. அதிகாரபூர்வமாகக் குறித்துவைக்க மட்டும் ஆள் இல்லை. அப்படி ஆடியவர்களையும், அந்தச் சுவரை உடைத்து உள்ளே போனவர்களையும் சேர்த்துப் படித்தால்தான் இந்த ஆட்டத்தின் வரலாறு முழுமையாகும்.

எழுதப்படாத விதி

மேஜர் லீகில் கறுப்பர் ஆடக் கூடாது என்று எந்தச் சட்டப் புத்தகத்திலும் எழுதவில்லை. 1884-ல் மோசஸ் ஃப்ளீட்வுட் வாக்கர் என்ற கறுப்பின கேட்சர், அன்று மேஜர் லீகாக இருந்த ஒரு போட்டியில் டொலீடோ அணிக்காக ஆடியிருக்கிறார். அதன் பிறகு கதவு சாத்தப்பட்டது. அணி முதலாளிகள் தங்களுக்குள் வாய்மொழியாகச் செய்துகொண்ட ஏற்பாடு அது. எழுத்தில் இல்லாததால் எதிர்த்து வழக்குப் போடவும் வழியில்லை. 60 ஆண்டுகளுக்கும் மேல் அது அசையவில்லை.

வெளியே நின்றவர்கள் சும்மா நிற்கவில்லை. 1920 பிப்ரவரியில், மிசௌரி மாநிலத்தின் கேன்சஸ் சிட்டியில், கறுப்பர்களுக்கான ஒய்.எம்.சி.ஏ. கட்டடத்தில் அணி உரிமையாளர்களைக் கூட்டினார் ரூப் ஃபாஸ்டர். அவரே பெயர் பெற்ற பிட்சர், பிறகு மேலாளர், பிறகு உரிமையாளர். அன்று பிறந்ததுதான் நீக்ரோ நேஷனல் லீக். அடுத்த 30 ஆண்டுகளில் இப்படிப் பல லீகுகள் தோன்றின, மறைந்தன, மறுபடி தோன்றின.

அந்த லீகுகளை இரக்கத்தோடு பார்க்க வேண்டிய அவசியமில்லை. ஆட்டத்தின் புதுமைகள் பல அங்கிருந்துதான் வந்தன. மேஜர் லீகில் முதல் இரவு ஆட்டம் நடந்தது 1935-ல். கேன்சஸ் சிட்டி மொனார்க்ஸ் அணியோ 1930-லேயே விளக்குக் கம்பங்களை லாரிகளில் ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகப் போய் இரவில் ஆடியது. ஜெனரேட்டர் இரைச்சலில் ஒருவர் பேச்சு ஒருவருக்குக் கேட்காது, வெளிச்சமும் மங்கல்தான். ஆனாலும், பகலெல்லாம் வேலை செய்த மக்கள் இரவில் குடும்பத்தோடு வந்து பார்த்தார்கள். சிகாகோவில் 1933 முதல் நடந்த 'ஈஸ்ட்-வெஸ்ட்' நட்சத்திர ஆட்டத்துக்குச் சில ஆண்டுகளில் 50,000 பேருக்கு மேல் திரண்டார்கள்.

மைதானத்துக்கு வெளியே வாழ்க்கை வேறு மாதிரி இருந்தது. பஸ்தான் வீடு. ஓட்டல்கள் அறை தராத ஊர்களில் பஸ்ஸிலேயே தூங்க வேண்டும். சாப்பாட்டுக் கடையில் பின்வாசலுக்குப் போய் வாங்கிவந்து தின்ன வேண்டும். லீக் ஆட்டங்களின் வருமானம் போதாது என்பதால், இடைப்பட்ட நாட்களில் சிற்றூர் அணிகளோடும் ஆலைத் தொழிலாளர் அணிகளோடும் கண்காட்சி ஆட்டம் ஆடினார்கள். ஒரே நாளில் இரண்டு, மூன்று ஆட்டங்கள்கூட உண்டு. இந்தக் கண்காட்சி ஆட்டங்கள் எந்தப் பட்டியலிலும் சேராது. பின்னால் கணக்கெடுக்க வந்தவர்களைத் திணறடித்தது இதுதான்.

ஜாஷ் கிப்சன்

ஜார்ஜியா மாநிலத்தில் 1911-ல் பிறந்தவர். அப்பா பிட்ஸ்பர்க் இரும்பாலையில் வேலை தேடிக்கொள்ள, குடும்பம் வடக்கே நகர்ந்தது. 1930-ல், 18 வயதில், ஹோம்ஸ்டெட் கிரேஸ் அணிக்குள் வந்தார். அணியின் கேட்சருக்குக் கையில் அடிபட, பார்வையாளர் வரிசையிலிருந்த பையனைக் கூப்பிட்டு இறக்கினார்கள் என்று பிட்ஸ்பர்க்கில் ஒரு கதை உண்டு. அதே ஆண்டு ஆகஸ்டில் அவர் இளம் மனைவி இரட்டைக் குழந்தைகளைப் பெற்றெடுத்தபோது இறந்துபோனார். குழந்தைகளை உறவினர்களிடம் விட்டுவிட்டு, பஸ் ஏறிப் போய் ஆடிக்கொண்டிருந்த இளைஞன் அவர் என்பதை இந்த எண்களைப் படிக்கும்போது மறக்கக் கூடாது.

கேட்சர் வேலை ஆட்டத்திலேயே உடம்பை அதிகம் வதைக்கும் வேலை. ஆட்டம் முழுக்கக் குந்தியிருந்து, பாய்ந்துவரும் பந்தைப் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும். முட்டி தேயும், விரல்கள் கோணும். அதனால் கேட்சர்கள் பெரிய அடியாளர்களாக நிலைப்பது அரிது. கிப்சன் அந்த வேலையைச் செய்துகொண்டே தன் தலைமுறையின் மிகப்பெரிய அடியாளராக இருந்தார். கால்களை அதிகம் நகர்த்த மாட்டார். தோளும் முன்கையும்தான் வேலை செய்யும். சின்ன வீச்சு. பந்து போய் விழுந்த இடத்தைப் பற்றிப் பார்த்தவர்கள் ஆளுக்கொரு கதை சொன்னார்கள்.

1930-களின் பிட்ஸ்பர்க் கிராஃபோர்ட்ஸ் அணியில் அவரோடு சாட்செல் பேஜ், மின்னல் வேக ஓட்டத்துக்குப் பேர்போன 'கூல் பாப்பா' பெல், ஆஸ்கர் சார்ல்ஸ்டன், ஜூடி ஜான்சன் ஆகியோரும் இருந்தார்கள். ஐந்து பேரும் பின்னாளில் கூப்பர்ஸ்டவுனில் உள்ள பேஸ்பால் புகழ் மண்டபத்துக்குள் போனவர்கள். அந்தக் காலத்தில் எந்த நிறத்து அணியிலும் ஐந்து பேர் இப்படிச் சேர்ந்தது அபூர்வம்.

பிறகு கிரேஸ் அணிக்கே திரும்பினார். அந்த அணி தன் ஆட்டங்களில் பலவற்றை வாஷிங்டன் மேஜர் லீக் அணியின் மைதானத்திலேயே ஆடியது. வெள்ளையர் அணி வெளியூர் போகும் நாட்களில் கறுப்பர் அணிக்கு வாடகைக்குக் கிடைக்கும். ஒருநாள் அந்த மைதானத்தின் உரிமையாளர் கிளார்க் கிரிஃபித் தங்களைத் தன் அலுவலகத்துக்கு அழைத்து, மேஜர் லீகில் ஆட விருப்பமா என்று விசாரித்ததாகக் கிப்சனின் சக வீரர் பக் லெனர்ட் பின்னாளில் சொன்னார். விருப்பம் என்றார்கள். அதன் பிறகு பேச்சில்லை.

1943 தொடக்கத்தில் கிப்சன் மயங்கி விழுந்தார். மூளையில் கட்டி என்றார்கள் மருத்துவர்கள். அறுவை சிகிச்சைக்கு அவர் சம்மதிக்கவில்லை. தலைவலியோடு களத்துக்குத் திரும்பினார். .466 அடித்தது அந்த ஆண்டில்தான். கிரேஸ் அணி 1943, 1944 இரண்டு ஆண்டும் கறுப்பர் லீகுகளின் இறுதித் தொடரான நீக்ரோ உலகத் தொடரை வென்றது. பிறகு உடம்பு கரைந்தது, குடி கூடியது. 1947 ஜனவரி 20-ல் இறந்தார். பிட்ஸ்பர்க் கல்லறைத் தோட்டத்தில் அவர் புதைத்த இடத்துக்குப் பெயர்க்கல் வைக்கப்பட்டது 1975-ல்தான். அதற்கு மூன்று ஆண்டுகள் முன்பே புகழ் மண்டபம் அவரைச் சேர்த்துக்கொண்டிருந்தது. மண்டபத்தில் பட்டயம் இருந்தது. கல்லறையில் கல் இல்லை.

சாட்செல் பேஜ்

கிப்சனின் கதை நெஞ்சை அழுத்துகிறது என்றால், பேஜின் கதை நிமிர வைக்கிறது. 1906-ல் அலபாமாவின் மொபீல் நகரில் பிறந்தவர். ரயில் நிலையத்தில் பயணிகளின் கைப்பைகளைத் தூக்கிக் காசு சம்பாதித்த பையன். அந்தப் பைக்கான பெயரே அவருக்கும் ஒட்டிக்கொண்டது. 12 வயதில் திருட்டுக் குற்றத்துக்காகச் சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்பினார்கள். பிட்சிங்கின் நுணுக்கங்களை அங்கேதான் கற்றார்.

நீண்ட கை, நீண்ட கால், இடது பாதத்தை வானத்துக்குத் தூக்கி எறியும் பாணி. பயிற்சிக்கு ஹோம் பிளேட்டின் மேல் ஒரு சின்னக் காகிதத் துண்டைப் போட்டு, அதன் மேலாகவே பந்துகளை அனுப்பிக்கொண்டிருப்பார். தன் பந்துகளுக்குச் செல்லப் பெயர்கள் வைத்திருந்தார். கையை முன்னே கொண்டுவந்து ஒரு கணம் நிறுத்தி, எதிராளி மட்டையை வீசிய பிறகு பந்தை விடுவிக்கும் தந்திரம் ஒன்று உண்டு. பின்னாளில் மேஜர் லீகின் ஒரு பிரிவான அமெரிக்கன் லீக் அதைத் தடை செய்தது.

அவர் ஆண்டு முழுக்க எறிந்தார். கோடையில் லீக், இலையுதிர் காலத்தில் வெள்ளையர் அணிகளோடு கண்காட்சி ஆட்டம், குளிர்காலத்தில் கரீபியன். 1937-ல் டொமினிக்கன் குடியரசின் சர்வாதிகாரி ட்ருஹியோவின் பெயர் தாங்கிய அணிக்கு ஆடப் போனார். கிப்சனும் பெல்லும் அங்கே வந்து சேர்ந்தார்கள். கண்காட்சி ஆட்டங்களில் எதிரே நின்ற டிஸி டீன் சாதாரண ஆள் இல்லை. 1934-ல் மேஜர் லீகில் 30 ஆட்டங்களை வென்ற பிட்சர். தான் பார்த்ததிலேயே சிறந்த பிட்சர் பேஜ் என்று அவரே சொன்னார்.

1942 நீக்ரோ உலகத் தொடரில் பேஜ், மொனார்க்ஸ் அணிக்காகத் தன் பழைய நண்பர் கிப்சனை எதிர்கொண்டார். மூன்று பேஸ்களிலும் ஆள் நிற்க, கிப்சனை ஸ்டிரைக் அவுட் செய்தார். கிப்சனைச் சந்திப்பதற்காகவே முன்னால் வந்தவர்களை வேண்டுமென்று விட்டுக்கொடுத்ததாகப் பேஜ் ஆயுள் முழுக்கச் சொல்லிவந்தார். அந்தப் பகுதி எவ்வளவு உண்மை, எவ்வளவு கதை என்பதில் வரலாற்றாசிரியர்களுக்குள் கருத்து வேறுபாடு உண்டு. மொனார்க்ஸ் அந்தத் தொடரை வென்றது என்பதில் வேறுபாடு இல்லை.

1948 ஜூலை 7, பேஜின் 42-வது பிறந்தநாள். கிளீவ்லாந்து மேஜர் லீக் அணியின் உரிமையாளர் பில் வீக் அன்று அவரை ஒப்பந்தம் செய்தார். டிக்கெட் விற்கச் செய்யும் வேடிக்கை என்று ஒரு பெரிய பேஸ்பால் வாரப் பத்திரிகையின் ஆசிரியர் கடுமையாக எழுதினார். பேஜ் பந்தால் பதில் சொன்னார். அந்த ஆகஸ்டில் கிளீவ்லாந்தில் ஓர் இரவு ஆட்டத்துக்கு 78,382 பேர் வந்தார்கள். சிகாகோ அணியை ஓர் ஓட்டம்கூட எடுக்க விடாமல் 1–0 என்று வென்றார். சீசன் முடிவில் ஆறு வெற்றி, ஒரு தோல்வி. கிளீவ்லாந்து அந்த ஆண்டின் உலகத் தொடரை வென்றது. அதன் பிறகு அந்த நகரம் இன்னொரு உலகத் தொடரை வென்றதில்லை.

1965-ல், 59 வயதில், கேன்சஸ் சிட்டியின் மேஜர் லீக் அணிக்காக ஒரே ஒரு ஆட்டத்தில் இறக்கினார்கள். ஓரமாக ஆடும் நாற்காலி போட்டு, பக்கத்தில் ஒரு நர்ஸையும் உட்கார வைத்திருந்தார்கள். அது கூட்டத்தை இழுக்கும் ஏற்பாடு. களத்தில் நடந்ததில் விளையாட்டுத்தனம் இல்லை. மூன்று இன்னிங்ஸ் எறிந்தார். பாஸ்டன் அணிக்கு ஓர் ஓட்டமும் கிடைக்கவில்லை. அடித்தது ஒரே ஒருவர்: இளம் கார்ல் யஸ்ட்ரெம்ஸ்கி. அவரும் பின்னாளில் புகழ் மண்டபம் சேர்ந்தார்.

பேஜ் மண்டபத்துக்குள் போனது 1971-ல். அதற்கு வித்திட்டவர்களில் ஒருவர் மேஜர் லீக் நட்சத்திரம் டெட் வில்லியம்ஸ். 1966-ல் புகழ் மண்டபம் தன்னைச் சேர்த்துக்கொண்ட மேடையில், வாய்ப்பே கிடைக்காத பேஜும் கிப்சனும் என்றாவது இங்கே வர வேண்டும் என்று அவர் சொன்னார். ஐந்து ஆண்டுகளுக்குப் பின் மண்டபம் இசைந்தபோது, கறுப்பர் லீக் வீரர்களுக்குத் தனிப் பகுதி என்று அறிவித்தது. எதிர்ப்பு வெடித்த பிறகே முழு உறுப்பினராகச் சேர்த்தார்கள்.

ஏப்ரல் 15, 1947

கிப்சன் இறந்து மூன்று மாதம் முடிவதற்குள் சுவர் உடைந்தது. புரூக்லின் டாட்ஜர்ஸ் அணியின் முதல் பேஸில் வந்து நின்றார் 28 வயது ஜாக்கி ராபின்சன்.

அவர் தேர்வானது தற்செயல் இல்லை. கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலஸ் கிளையில் நான்கு விளையாட்டுகளில் சிறந்து விளங்கியவர். அண்ணன் மேக், 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் 200 மீட்டர் ஓட்டத்தில் ஜெசி ஓவன்ஸுக்கு அடுத்து வந்து வெள்ளி வென்றவர். 1944-ல் ராணுவத்தில் இருந்தபோது, பஸ்ஸில் பின்னால் போய் உட்கார மறுத்ததற்காக ஜாக்கி மீது ராணுவ நீதிமன்ற விசாரணை நடந்தது; குற்றமற்றவர் என்று தீர்ப்பு வந்தது. 1945-ல் மொனார்க்ஸ் அணிக்கு ஆடிக்கொண்டிருந்தவரை டாட்ஜர்ஸ் நிர்வாகி பிராஞ்ச் ரிக்கி புரூக்லினுக்கு அழைத்தார். அந்தச் சந்திப்பில் ரிக்கி, வரப்போகும் வசைகளைத் தானே நடித்துக் காட்டினார். திருப்பி அடிக்காமல் இருக்கும் துணிச்சல் உண்டா என்பதுதான் அவர் கேட்டது. பஸ்ஸில் இடம் மாறாத மனிதரிடம் அதைக் கேட்பது எவ்வளவு பெரிய விலை! ராபின்சன் ஒப்புக்கொண்டார்.

முதல் வாரங்களிலேயே சோதனை வந்தது. ஃபிலடெல்ஃபியா அணி மேலாளர் பென் சாப்மன் தன் வீரர்களோடு சேர்ந்து ஆட்டம் முழுக்கக் கத்திய இனவெறி வசைகள், டாட்ஜர்ஸின் வெள்ளை வீரர்களையே கோபப்படுத்தின. பிற ஊர்களில் அணி தங்கிய ஓட்டல்களில் சில அவரை ஏற்கவில்லை. கொலை மிரட்டல் கடிதங்கள் வந்தன. அந்த ஆண்டு .297 அடித்து, 29 பேஸ்களைத் திருடி, அறிமுக வீரர் விருதை வாங்கினார். 1949-ல் .342 அடித்து லீகின் மதிப்புமிக்க வீரர் ஆனார். பத்தே சீசன்களில் ஆறு உலகத் தொடர்கள். 1955-ல் டாட்ஜர்ஸ் முதன்முறையாக அதை வென்றது. பேஸிலிருந்து பேஸுக்கு அவர் பாய்ந்து பாய்ந்து மிரட்டும்போது பிட்சர்களின் கை நடுங்கியதைப் பழைய படச்சுருள்களில் இன்றும் பார்க்கலாம்.

1972 உலகத் தொடரில் அவரைக் கௌரவித்தார்கள். சர்க்கரை நோயால் கண்பார்வை மங்கி, தலை வெளுத்திருந்தது. நன்றி சொல்லிவிட்டு, ஒரு கறுப்பர் மேலாளராக இருப்பதைப் பார்த்தால்தான் இன்னும் மகிழ்வேன் என்று அந்த மேடையிலேயே சொன்னார். ஒன்பது நாளில் இறந்துபோனார், வயது 53. ஃபிராங்க் ராபின்சன் முதல் கறுப்பின மேலாளர் ஆனது 1975-ல். ஜாக்கியின் 42 என்ற எண்ணை 1997-ல் எல்லா அணிகளும் ஓய்வுபெறச் செய்தன.

ராபின்சனுக்காக மொனார்க்ஸ் அணிக்கு டாட்ஜர்ஸ் ஒரு காசும் தரவில்லை. அதே 1947-ல் நியூவர்க் ஈகிள்ஸ் அணியிலிருந்து லாரி டோபியைக் கிளீவ்லாந்து எடுத்தபோது, ஈகிள்ஸ் உரிமையாளர் எஃபா மான்லி சும்மா விடவில்லை. பேரம் பேசி 15,000 டாலர் வாங்கினார். புகழ் மண்டபத்தில் இருக்கும் ஒரே பெண் அவர். ஆனால், நட்சத்திரங்கள் போகப் போக ரசிகர்களும் போனார்கள். 1948-ஓடு நீக்ரோ நேஷனல் லீக் மூடியது. மேஜர் லீக் நட்சத்திரங்களை ஒவ்வொருவராக எடுத்துக்கொண்டது. நடுத்தர வீரர்கள், பயிற்சியாளர்கள், கணக்கர்கள், அணி நடத்திய குடும்பங்கள் பிழைப்பை இழந்தார்கள். மேஜர் லீகின் கடைசி அணியான பாஸ்டன் ரெட் சாக்ஸ் ஒரு கறுப்பின வீரரை இறக்கியது 1959-ல். இந்த 12 ஆண்டு இழுத்தடிப்பை, ஏப்ரல் 15 கொண்டாட்டங்களில் போதிய அளவு யாரும் பேசுவதில்லை.

ஒன்பது லட்சம் கடிதங்கள்

பேஜ் பிறந்த அதே மொபீலில் 1934-ல் பிறந்தவர் ஹாங்க் ஆரன். பந்து வாங்கக் காசில்லாத சிறுவன், குச்சியால் பாட்டில் மூடிகளை அடித்துப் பழகினான். 1952-ல் இண்டியானாபொலிஸ் கிளௌன்ஸ் என்ற கறுப்பர் அணியில் சேர்ந்தார். அந்த அணியோடு வாஷிங்டன் போயிருந்தபோது ஒரு காலை, மழையால் ஆட்டம் தள்ளிப்போக, உணவகத்தில் சாப்பிட்டார்கள். எழுந்தபோது சமையலறையிலிருந்து தட்டுகள் உடையும் சத்தம் கேட்டது. அவர்கள் சாப்பிட்ட தட்டுகளை ஒவ்வொன்றாக உடைத்துக்கொண்டிருந்தார்கள். நாய்கள் தின்றிருந்தால்கூடக் கழுவித்தான் வைத்திருப்பார்கள் என்று ஆரன் பின்னாளில் நினைவுகூர்ந்தார்.

1954-ல் மில்வாக்கி பிரேவ்ஸ் அணிக்குள் வந்தார். 1957-ல் லீகின் மதிப்புமிக்க வீரர், உலகத் தொடர் வெற்றி இரண்டும். அணி அட்லாண்டாவுக்கு இடம் மாறியது. ஆரவாரமில்லாத மனிதர். ஒரு சீசனில் 50 ஹோம் ரன் என்பதை ஒருமுறைகூட எட்டியதில்லை. ஆனால், 20, 30, 40 என்று ஆண்டு தவறாமல் சேர்த்துக்கொண்டே வந்தார். திடீரென்று ஒருநாள் நாடு கவனித்தது: பேப் ரூத்தின் 714-ஐ இந்தக் கறுப்பர் தாண்டப் போகிறார். 1973 சீசன் முடிந்தபோது எண் 713.

அந்தக் குளிர்காலம் அவருக்கு நரகமாக இருந்தது. 1973-ல் மட்டும் ஒன்பது லட்சத்துக்கும் மேல் கடிதங்கள் வந்திருந்தன. அன்பான கடிதங்கள் ஏராளம். ஆனால், எந்த மைதானத்தில், எந்த நாளில் சுடப்போகிறோம் என்று எழுதியவையும் இருந்தன. கல்லூரியில் படித்த மகளைக் கடத்துவதாக மிரட்டல் வந்தது. மெய்க்காவலர் இல்லாமல் வெளியே போக முடியவில்லை. அட்லாண்டா நாளிதழ் ஒன்று அவர் கொல்லப்பட்டால் பயன்படுமென்று இரங்கல் செய்தியைத் தயார் செய்து வைத்திருந்தது. ரூத்தின் மனைவி கிளேர், தன் கணவர் உயிரோடிருந்தால் ஆரனை வாழ்த்தியிருப்பார் என்று வெறுப்பாளர்களைக் கண்டித்தார்.

1974 ஏப்ரல் 4-ல் சின்சினாட்டியில் 714. ஏப்ரல் 8-ல் அட்லாண்டாவில், 53,775 பேர் முன்னிலையில், நான்காவது இன்னிங்ஸில் அல் டௌனிங் எறிந்த பந்தை இடது பக்க வேலிக்கு வெளியே அனுப்பினார். 715. அவர் பேஸ்களைச் சுற்றி ஓடும்போது இரண்டு இளைஞர்கள் குதித்து வந்து தோளைத் தட்டினார்கள். பாராட்டத்தான் வந்தார்கள், ஆனால், பார்வையாளர் வரிசையில் துப்பாக்கியோடு இருந்த மெய்க்காவலருக்கு அந்த இரண்டு நொடியில் அது தெரியாது. நல்லவேளை, அவர் சுடவில்லை. ஹோம் பிளேட்டுக்கு ஓடிவந்து கட்டிப்பிடித்த அம்மா எஸ்டெல்லா விடவே இல்லை. பேஸ்பாலின் ஆணையர் அன்று மைதானத்தில் இல்லை.

முடிவில் 755 ஹோம் ரன்கள். 2007-ல் பாரி பாண்ட்ஸ் அதைத் தாண்டினார். ஆரனின் வேறு இரு சாதனைகள் அப்படியே நிற்கின்றன: அணிக்கு ஈட்டித் தந்த ஓட்டங்கள் 2,297, மொத்த பேஸ்கள் 6,856. அந்த 755 ஹோம் ரன்களையும் கழித்துவிட்டால்கூட அவர் கணக்கில் 3,000-க்கு மேல் ஹிட் மிஞ்சும். 3,000 ஹிட் என்பதே பேஸ்பாலில் பெருமைக்குரிய மைல்கல். அந்த வெறுப்புக் கடிதங்களை அவர் எரித்துவிடவில்லை. கடைசிவரை பாதுகாத்து வைத்திருந்தார். 2021 ஜனவரியில் 86 வயதில் மறைந்தார்.

நூலகங்களில் நடந்த ஆட்டம்

இந்தக் கதையின் கடைசி வீரர்கள் மட்டை பிடித்தவர்கள் அல்லர். கறுப்பர் லீகுகளின் ஸ்கோர்களை 'பிட்ஸ்பர்க் கூரியர்', 'சிகாகோ டிஃபெண்டர்' போன்ற கறுப்பர் பத்திரிகைகளே வெளியிட்டன. பெரும்பாலானவை வாரப் பத்திரிகைகள், இடம் குறைவு, சில ஆட்டங்களுக்கு முழு விவரம், சிலவற்றுக்கு ஒற்றை வரி. லாரி லெஸ்டர் போன்ற ஆய்வாளர்களும் 'சீம்ஹெட்ஸ்' தரவுத்தளத்தைக் கட்டிய ஆர்வலர்களும் பல பத்தாண்டுகளாக மைக்ரோஃபிலிம் சுருள்களைச் சுழற்றி, ஒவ்வொரு ஆட்டமாகத் தேடி எடுத்து, பெயர்க் குழப்பங்களைத் தீர்த்து, கூட்டிக் கழித்தார்கள். கேன்சஸ் சிட்டியில் 1990-ல் தொடங்கிய நீக்ரோ லீக் அருங்காட்சியகத்துக்காக ஊர் ஊராகப் பேசினார் முன்னாள் மொனார்க்ஸ் வீரர் பக் ஓ'நீல். 2006-ல் கறுப்பர் பேஸ்பாலைச் சேர்ந்த 17 பேரைப் புகழ் மண்டபம் சேர்த்தபோது அவர் பெயர் விடுபட்டது. ஆனாலும் அவரே மேடையேறி அந்த 17 பேருக்காகவும் பேசினார். அவர் இறந்து 16 ஆண்டு கழித்து, 2022-ல் மண்டபம் அவரையும் சேர்த்தது.

2020 டிசம்பரில் மேஜர் லீக், 1920 முதல் 1948 வரை நடந்த ஏழு கறுப்பர் லீகுகளையும் மேஜர் லீகுகளாக ஏற்றது. 2,300-க்கும் மேற்பட்ட வீரர்களின் எண்கள் 2024-ல் பட்டியலில் சேர்ந்தன. எதிர்க்குரல்களும் எழுந்தன. அந்த சீசன்கள் குறுகியவை. 60, 70 ஆட்டம் ஆடியவரை 154 ஆட்டம் ஆடியவரோடு ஒப்பிடலாமா என்று கேட்டார்கள். கொரோனா ஆண்டான 2020-ல் மேஜர் லீகே அணிக்கு 60 ஆட்டம்தான் ஆடியது. அந்த எண்களை யாரும் ஒதுக்கி வைக்கவில்லை. சீசன் குறுகியதாக இருந்ததற்குக் கிப்சன் பொறுப்பில்லை. மேலும், கறுப்பின பிட்சர்களைச் சந்திக்காமலே மேஜர் லீகில் அடித்த எண்களுக்குப் பக்கத்தில் எந்தக் குறிப்பும் போடாதவர்கள், இவர்களுக்கு மட்டும் குறிப்புப் போடச் சொல்வது நியாயமில்லை.

கணக்கு இன்னும் முடியவில்லை. கிடைத்திருப்பது மொத்த ஆட்டங்களில் நான்கில் மூன்று பங்குக்குச் சற்றுக் குறைவு என்பது மேஜர் லீகின் அதிகாரபூர்வ வரலாற்றாசிரியர் ஜான் தார்னின் மதிப்பீடு. கிப்சனின் புகழ் மண்டபப் பட்டயம் ஏறத்தாழ 800 ஹோம் ரன் என்கிறது. அதிகாரபூர்வப் பட்டியலில் 200-கூட இல்லை. கண்காட்சி ஆட்டங்கள் கணக்கில் சேரவில்லை. பின்னாளில் மேஜர் லீக் நட்சத்திரமான வில்லி மேஸ் 17 வயதில் பர்மிங்காம் பிளாக் பேரன்ஸ் அணிக்கு அடித்த 10 ஹிட்டுகள் சேர்ந்து, அவர் கணக்கு 3,293 ஆனது. அது நடந்து மூன்று வாரத்தில், ஜூன் 18-ல், 93 வயதில் அவர் இறந்தார். அந்த 10 தன் கணக்கில் ஏறியதை அவரால் உயிரோடு அறிய முடிந்தது. கிப்சனுக்கும் பேஜுக்கும் கிடைக்காத ஒன்று அது.

இன்னொரு வேலையும் பாக்கி இருக்கிறது. 1920 முதல் 1944 வரை பேஸ்பாலின் ஆணையராக இருந்த கென்னசா மவுன்டன் லாண்டிஸின் பெயர், மதிப்புமிக்க வீரர் விருதுப் பட்டயத்தில் பல பத்தாண்டுகளாகப் பொறிக்கப்பட்டிருந்தது. அவர் பதவியில் இருந்த அத்தனை ஆண்டுகளும் ஒரு கறுப்பர்கூட உள்ளே வரவில்லை. 2020 அக்டோபரில் அந்தப் பெயரை எடுத்தார்கள். காலியான இடத்தில் தன் கொள்ளுத்தாத்தாவின் பெயரைப் பொறிக்க வேண்டும் என்று, ஜாஷ் கிப்சன் அறக்கட்டளையை நடத்தும் ஷான் கிப்சன் கேட்டு வருகிறார். இதில் யோசிக்க என்ன இருக்கிறது? அந்த விருது, அதற்குப் போட்டியிடவே அனுமதி கிடைக்காத மகத்தான கேட்சரின் பெயரில்தான் வழங்கப்பட வேண்டும்.